அரைமணிக் குழம்பு

அப்பாயி இறந்து பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள், கவிச்சி சமைத்துப் படைப்பதற்காக எல்லோரும் கூடியிருந்தோம். 2011ஆம் ஆண்டு, தை அறுவடை முடிந்த சமயம். செத்தவருக்குப் பிடித்ததைப் படைக்க வேண்டும் என்பது எங்கள் பக்கத்து வழக்கம். பெரியப்பா ஆட்டுக்கறி, கோழி, அவித்த முட்டை, விரால் மீன் என்று அடுக்கிக்கொண்டே போனார். அத்தை ஒன்றும் பேசாமல் தன் பையிலிருந்து ஒரு தகர டின்னை எடுத்து அடுப்படியில் வைத்தார். சார்டின் டின்.

“டின்னுல அடச்சு வச்சதையெல்லாம் படைக்கிறதா? நாலு பேரு என்ன சொல்லுவாங்க?” என்றார் பெரியப்பா.

“நாலு பேருக்கா படைக்கிறோம்? அம்மாவுக்குப் படைக்கிறோம்” என்றார் அத்தை.

சண்டை அரைமணி நேரம் நீண்டது. அந்த அரைமணிக்குள் அத்தை குழம்பையே வைத்து இறக்கிவிட்டார். கடைசியில் அது இலையின் ஓரத்தில், முட்டைக்குப் பின்னால், யார் கண்ணிலும் படாதபடி வைக்கப்பட்டது. நான் அப்போது முனைவர் பட்டம் பெற்று, கல்லூரியில் பாடம் நடத்திக்கொண்டிருந்தவள். அத்தைக்கு ஆதரவாக ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். பேசவில்லை. இந்தக் கட்டுரை அந்த மௌனத்திற்கான கடன்.

முதலில் குழம்பைச் சொல்லிவிடுகிறேன். கைப்பிடி சின்ன வெங்காயம், நாலு பல் பூண்டு, இரண்டு பச்சை மிளகாய். எண்ணெய் காய்ந்ததும் ஒரு தாளிப்பு வடகத்தை உதிர்த்துப் போட வேண்டும். வாசம் எழும்பியதும் வெங்காயம், பூண்டு, மிளகாய் சேர்த்து வதக்கி, நறுக்கிய இரண்டு உருளைக்கிழங்கு, வீட்டு மிளகாய்த்தூள், உப்பு, தண்ணீர். கிழங்கு வெந்ததும் இரண்டு துண்டைக் கரண்டியால் மசித்துவிட்டால் குழம்பு கெட்டியாகும். டின்னிலிருக்கும் தக்காளிச் சாற்றோடு மீனைச் சரித்து, தேங்காய்ப்பால் ஊற்றி ஒரு கொதி. கிளறக் கூடாது, மீன் உடைந்துபோகும். புளி வேண்டாம், தக்காளியே போதும். சோற்றில் ஊற்றியும் சாப்பிடலாம், கஞ்சி போலக் கிண்ணத்தில் ஊற்றிக் குடிக்கவும் செய்யலாம். ஐந்து பேருக்கு ஒரு டின். மொத்தம் அரைமணி.

இந்தக் குழம்பு மன்னார்குடிப் பக்கத்து வயல்காட்டு ஊருக்கு எப்படி வந்தது?

நாகப்பட்டினத்திலிருந்து வந்தது. அதற்கு முன் அங்கிருந்துதான் போகவும் செய்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்தே தஞ்சை, திருச்சி, சேலம் மாவட்டங்களின் நிலமற்ற குடும்பங்கள் நாகையில் கப்பலேறி மலாயாவுக்குப் போய்க்கொண்டிருந்தன. 1910இல் ஒப்பந்தக் கூலி முறை நிறுத்தப்பட்டது. அதன் பிறகு கங்காணிகள் வழியாக ஆள் சேர்ப்பது தொடர்ந்தது. கப்பலுக்குக் காத்திருப்பவர்களுக்காக நாகையிலும் சென்னைக்கு அருகே ஆவடியிலும் முகாம்கள் இருந்தன. 1938இல் இந்திய அரசு கூலித் தொழிலாளர்களை உதவி கொடுத்து மலாயாவுக்கு அனுப்புவதைத் தடை செய்தது. என் கொள்ளுப்பாட்டி அதற்குப் பத்து ஆண்டுகளுக்கு முன்பே போய்விட்டார். அப்பாயி 1930இல் பேராக் மாநிலத்தில், சுங்கை சிப்புட் பக்கத்து ரப்பர்த் தோட்டம் ஒன்றின் லயத்தில் பிறந்தவர்.

தோட்டத்தில் விடியுமுன் பெரட்டு. ஆண்களும் பெண்களும் வரிசையில் நின்று பேர் கொடுக்க வேண்டும். அதற்குமுன் பெண்கள் சமைத்து, பிள்ளைகளை ஆயாக் கொட்டகையில் விட்டிருக்க வேண்டும். 1920களின் இறுதியில் மலாயாவின் முக்கியத் தோட்டப் பகுதிகளுக்கு நிர்ணயிக்கப்பட்ட நாள்கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு. பெண் வெட்டினாலும் ஆண் வெட்டினாலும் மரத்தில் வழிவது ஒரே பால்தான். அந்தப் பத்துக் காசு வித்தியாசத்தோடு, பெண்களுக்கு வீட்டில் இன்னொரு பெரட்டும் இருந்தது. அதற்குக் கூலியே கிடையாது.

அந்த இரண்டு பெரட்டுகளுக்கும் நடுவில்தான் டின் மீன் நுழைகிறது. உணவைக் கொதிக்கவைத்துக் காற்றுப் புகாமல் மூடிவைக்கும் முறையைப் பிரான்சின் நிக்கோலா அப்பேர் 1810இல் நூலாக வெளியிட்டார். படைகளுக்கு உணவு கொண்டுபோகத் தேடிய வழி அது. அதே ஆண்டு பீட்டர் டுராண்ட் இங்கிலாந்தில் தகர டின்னுக்குக் காப்புரிமை பெற்றார். 1892இல் ஆல்ஃபிரெட் குளூவே என்ற பிரெஞ்சுக்காரர் சிங்கப்பூரில் தொடங்கிய வணிக நிறுவனம் பிற்பாடு சேவல் படம் போட்ட ‘அயாம்’ டின்னால் பெயர் பெற்றது. மலாய் மொழியில் அயாம் என்றால் கோழி. “கோழிப் படம் போட்டு உள்ள மீன வப்பான் வெள்ளக்காரன்” என்று அப்பாயி சிரிப்பார். சிப்பாய்களுக்காகக் கண்டுபிடித்த டின், பெரட்டுக்கு ஓடும் பெண்ணின் அடுப்படிக்கு இப்படி வந்துசேர்ந்தது. செதில் தேய்க்க வேண்டாம், குடல் எடுக்க வேண்டாம், அலச வேண்டாம். மீன் சமையலில் பாதி நேரம் மிச்சம்.

1942இல் ஜப்பானியர் மலாயாவைப் பிடித்தார்கள். அரிசி வருவது நின்றது. மூன்றரை ஆண்டுகள் மரவள்ளிக்கிழங்குதான் சோறு. சயாம்–பர்மா ரயில் பாதை போடப் பிடித்துக்கொண்டு போனவர்களில் பல்லாயிரம் தோட்டத் தமிழர்கள் திரும்பவில்லை. அவர்களில் ஒருவர் அப்பாயியின் அப்பா. ஜான்சி ராணிப் படையைப் பற்றி நாம் பெருமையோடு பேசுகிறோம். 1943இல் சிங்கப்பூரில் லட்சுமி சுவாமிநாதன் தலைமையில் அது தொடங்கியபோது சேர்ந்த பெண்களில் கணிசமானோர் இப்படிப்பட்ட தோட்டங்களிலிருந்து வந்தவர்கள். சேராமல் லயத்திலேயே இருந்து, கிழங்கைத் துருவிப் பிள்ளைகளைக் காப்பாற்றியவர்களைப் பற்றிப் பேச்சு குறைவு. அப்பாயி சாகும்வரை மரவள்ளியைத் தொடவில்லை. “அதத் தின்னுதான் எங்கப்பனுக்காகக் காத்துக் கெடந்தேன்” என்பார்.

இனி நான் பல ஆண்டுகள் தவறாகப் புரிந்துகொண்ட ஒன்றைச் சொல்ல வேண்டும்.

அப்பாயி எந்த டின்னையும் நேராக வெட்டித் திறந்ததில்லை. டின் கைக்கு வந்ததுமே ஓர் ஆணியை வைத்து, அம்மிக் குழவியால் தட்டி, மேல்தகட்டில் இரண்டு ஓட்டை போடுவார். சிங்கப்பூரிலிருந்து வந்த உறவினர் நாலு டின் கொடுத்தால் நாலிலும் அன்றைக்கே ஓட்டை விழும். உடனே நாலையும் சமைத்தாக வேண்டும். தெருவுக்கே குழம்பு போகும். எங்கள் அம்மா தலையில் அடித்துக்கொள்வார். “ரெண்ட எடுத்து வச்சா என்னத்த? புத்தி கெட்ட கெழவி.” காற்றை வெளியேற்றுகிறார் என்று நானும், கிழவியின் பைத்தியம் என்று மற்றவர்களும் நினைத்தோம்.

அப்பாயி போய் இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு, மலாயாவின் அவசரகாலம் பற்றிய ஒரு வரலாற்று நூலைப் படித்துக்கொண்டிருந்தேன். 1948 ஜூன் 16 அன்று சுங்கை சிப்புட் பகுதியில் மூன்று ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதைத் தொடர்ந்து பிரிட்டிஷ் அரசு அறிவித்த அவசரநிலை 1960வரை நீடித்தது. காட்டிலிருந்த கம்யூனிஸ்டு கெரில்லாக்களைப் பட்டினி போட்டுப் பணியவைக்க உணவுக் கட்டுப்பாடு வந்தது. அரிசி அளந்து கொடுக்கப்பட்டது. வேலைக்குப் போகும் தொழிலாளர்கள் சாப்பாட்டைக் கையில் கொண்டுபோகத் தடை. வாயிலில் ஆணையும் பெண்ணையும் சோதனையிட்டார்கள். டின் உணவை விற்கும் கடைக்காரர் அதில் ஓட்டை போட்டுத்தான் கொடுக்க வேண்டும். ஓட்டை போட்ட டின்னைச் சேமிக்க முடியாது, காட்டுக்குக் கொடுத்தனுப்பவும் முடியாது. அன்றைக்கே தின்றாக வேண்டும்.

புத்தகத்தை மூடிவைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். பதினெட்டு வயதிலிருந்து முப்பது வயதுவரை ஒரு பெண் வாங்கிய ஒவ்வொரு டின்னிலும் அரசாங்கம் ஓட்டை போட்டிருக்கிறது. அதற்குப் பிறகு அரசாங்கம் தேவைப்படவில்லை, அவரே போட்டுக்கொண்டார். சேர்த்துவைப்பது குற்றம் என்று அந்தக் கைக்குக் கற்றுக்கொடுத்திருந்தார்கள். அந்தக் குழம்பின் அவசரம் அங்கிருந்தும் வந்தது. நாங்கள் அதற்குப் பைத்தியம் என்று பெயர் வைத்தோம்.

1969இல் மலேசியாவில் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதிச் சீட்டு கட்டாயமானது. தோட்டத் தொழிலாளர் பலரிடம் இருந்தது நிரந்தரவாசிகளுக்கான சிவப்பு அடையாளக் கார்டு. குடிமக்களுக்கான நீலக் கார்டு இல்லை. ஆயிரக்கணக்கானோர் இந்தியாவுக்குக் கப்பலேறினார்கள். அந்த மண்ணிலேயே பிறந்த அப்பாயியும் சிவப்புக் கார்டுதான். பிறப்புப் பத்திரம் எங்கே என்று தாத்தாவுக்கும் தெரியாது, தோட்டத்துக் கிராணிக்கும் தெரியாது. 1970இல் மூன்று பிள்ளைகளோடு ‘ரஜூலா’ கப்பலில் நாகப்பட்டினம் வந்து சேர்ந்தார். பெரிய கப்பல் கரைக்கு வராது; நடுக்கடலில் நிற்கும்; படகில் இறங்கிக் கரை சேர வேண்டும். அப்பாயி அதுவரை பார்த்தேயிராத ‘சொந்த ஊருக்கு’ நாற்பது வயதில் வந்தார். தகரப் பெட்டியில் துணிகளுக்கு நடுவே பன்னிரண்டு டின் இருந்ததாம். ஓட்டை போடாத டின்கள். கப்பலில் போட்டிருந்தால் கெட்டுப்போயிருக்கும் அல்லவா? ஊர் வந்து சேர்ந்த அன்று மாலையே பன்னிரண்டிலும் ஆணி இறங்கியது என்பார் அத்தை.

அப்பாயி வந்து சேர்ந்தது எப்படிப்பட்ட ஊர்? நாற்பதுகளில் மணலூர் மணியம்மை பண்ணை பண்ணையாக நடந்து கூலிகளைத் திரட்டிய பூமி. சாட்டையடிக்கும் சாணிப்பாலுக்கும் எதிராகப் போராடி, 1952இல் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டத்தைப் பெற்ற பூமி. 1968 டிசம்பர் 25 இரவு கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசைக்குள் வைத்து எரித்த பூமி. கூலியாகக் கேட்ட கூடுதல் நெல் அந்தக் கொலைக்குப் பின்னணி. செத்தவர்களில் பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். அப்பாயி கப்பலிறங்கும்போது அந்தச் சாம்பலுக்கு இரண்டு வயது ஆகவில்லை.

வாய்க்காலுக்கு அப்பால் இருக்கும் எங்கள் தெருவிலிருந்து அப்பாயி நடவுக்குப் போனார். காசுக்கூலி வாங்கிப் பழகியவருக்கு இங்கே நெல் அளந்தார்கள். கூலியாக நெல் கிடைத்தால் அது இன்னும் சோறில்லை. அவிக்க வேண்டும், காயவைக்க வேண்டும், குத்த வேண்டும், புடைக்க வேண்டும். ஆணுக்கு அளந்த நெல்லானாலும் அதைச் சோறாக்குவது பெண்ணின் வேலை. நாளெல்லாம் குனிந்து நட்டு, இருட்டும் நேரத்தில் சேறு கழுவி வீடு வரும் பெண்ணுக்குச் சமையல் என்றால் அரைமணிக்குள் கொதித்து இறங்கக்கூடிய ஒன்றுதான். கருவாட்டுக் குழம்பு, சென்னாகுனித் துவையல், பருப்பே போடாத புளிச்சாறு. டின் கிடைத்த நாளில் டின் குழம்பு. மலாயாக் குழம்பில் தாளிப்பு வடகம் விழுந்தது இங்கேதான். அது நடவுக்காட்டுத் தோழிகளிடம் கற்றுக்கொண்டது.

நம் உணவு வரலாறு இந்த அரைமணியை எழுதிவைக்கவில்லை. தஞ்சை அரண்மனையின் சமையல் எழுதப்பட்டிருக்கிறது: இரண்டாம் சரபோஜி காலத்துக் குறிப்புகள் ‘சரபேந்திர பாகசாஸ்திரம்’ என்ற பெயரில் சரஸ்வதி மகால் நூலக வெளியீடாகவே கிடைக்கின்றன. பிராமண வீட்டுச் சமையலை மீனாட்சி அம்மாள் 1951இல் ‘சமைத்துப் பார்’ என்று நூலாக்கினார். ஒரு பெண் தன் கைப்பக்குவத்தைத் தன் பெயரிலேயே அச்சேற்றிய அந்தக் காரியம் சாதாரணமானதல்ல. நான் அதை மதிக்கிறேன். ஆனால் எழுதப்பட்ட சமையல் எல்லாம் நேரம் இருந்த அடுப்படிகளின் சமையல். நேரம் இல்லாத அடுப்படியில் எழுதவும் நேரமில்லை.

என் ஆய்வேடும் இதற்கு விலக்கல்ல. சங்க இலக்கியத்தில் உணவு என்பது என் தலைப்பு. நெய்தல் பாடல்களில் மீன் உணங்கலைப் பறவைகள் கவராமல் காக்கும் பெண்கள் வருகிறார்கள். தலைவன் வந்து பேச வாய்ப்பான இடம் அது என்று எழுதி நகர்ந்துவிட்டேன். அந்த உணங்கல் யாருடையது, காத்த பெண்ணுக்கு அதில் எவ்வளவு கிடைத்தது, ராத்திரி அவள் என்ன தின்றாள் என்று நான் கேட்கவில்லை. என் நெறியாளரும் கேட்கவில்லை. விடுதியில் தோழிகள் “உங்க வீட்டு ஸ்பெஷல் என்ன?” என்று கேட்டபோது, எங்கள் வீட்டில் என்றைக்குமே செய்யாத கடப்பாவைச் சொன்னவள்தானே நான்.

இப்போது பெண்ணெழுத்துத் தாளில் மாணவிகளுக்கு ஒரு பயிற்சி கொடுக்கிறேன். வீட்டில் ஒரு பெண்ணிடம் உட்கார்ந்து, அவர் அதிகமாகச் சமைத்த ஒன்றை எழுதிக்கொண்டு வர வேண்டும். சிறப்பாகச் சமைத்ததை அல்ல, அதிகமாகச் சமைத்ததை. நாகைக் கடற்கரையிலிருந்து வரும் மாணவி ஒருத்தி வெற்றுத்தாளோடு நின்றாள். “அம்மா கருவாடு விக்கப் போயிட்டு ராத்திரிதான் மேடம் வரும். வந்து என்னமோ கொதிக்க வைக்கும். அதுக்கெல்லாம் பேரே இல்ல மேடம்.”

அவளிடம் சார்டின் குழம்பைச் சொன்னேன், ஆணியையும் சொன்னேன். மறுவாரம் இரண்டு பக்கம் எழுதி வந்தாள். அதில் ஒரு விஷயம் எனக்குப் பாடமாக இருந்தது. “பத்து நிமிசத்துல வச்சிடுவேன்னு அம்மா சொல்லுது. ஆனா கருவாடு மூணு நாள் காஞ்சிருக்கு, அதக் காயவச்சதும் அம்மாதான்” என்று எழுதியிருந்தாள்.

அவள் சொன்னதை வைத்து அப்பாயியின் அரைமணியைத் திரும்பக் கணக்குப் பார்த்தேன். தாளிப்பு வடகம் சித்திரை வெயிலில் நாள் கணக்கில் காய்வது: சின்ன வெங்காயம் இடித்து, உளுந்து, கடுகு, சீரகம், வெந்தயம், பூண்டு பிசைந்து, உருட்டி, பகலில் காயவைத்து ராத்திரி எடுத்து மூடி, மறுபடி பிசைந்து உருட்டி, விளக்கெண்ணெய் தடவி. மிளகாய்த்தூள் காயவைத்து வறுத்து இடித்தது. சோறு, நெல்லிலிருந்து நாலு வேலை தள்ளி வந்தது. அவசரச் சமையல் என்று நாம் சொல்வது பெண்கள் முன்கூட்டியே கொடுத்துவைத்த நேரம். வேலை அங்கே குறையவில்லை. கண்ணில் படாத நாட்களுக்கு நகர்ந்திருக்கிறது, அவ்வளவுதான்.

அப்படியென்றால் டின்? அதில் அப்பாயிக்கு மிச்சமான நேரத்தை யார் கொடுத்தார்கள்? மீன் டின் தொழிற்சாலைகளில் மீன் சுத்தம் செய்து அடுக்கியவர்கள் உலகின் பல கரைகளிலும் பெண்கள்தான். பிரான்சின் பிரிட்டனி கடற்கரையில் துவார்னெனே என்ற ஊரில் சார்டின் தொழிற்சாலைப் பெண்கள் 1924 நவம்பரில் வேலைநிறுத்தம் செய்தார்கள். மணிக்கு 80 சென்டிம் கூலி. படகு வந்துவிட்டால் ராத்திரி பகல் பாராமல் வேலை. அவர்கள் கேட்டது ஒரு பிராங்க் 25. ஆறு வாரங்களுக்கு மேல் போராடி ஒரு பிராங்க் பெற்றார்கள். ஆண்களுக்கு ஒன்றரை பிராங்க் முடிவானது. போராடியவர்களில் ஒருவரான ஜோசஃபின் பென்காலே 1925இல் நகரமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். பெண்களுக்கு வாக்குரிமையே இல்லாத நாடு. அவருடைய தேர்தல் செல்லாது என்றாக்கப்பட்டது.

துவார்னெனேயில் அடைத்த மீன் சுங்கை சிப்புட்டுக்கு வந்ததா என்பதல்ல இங்கே விஷயம். டின்னை அடைத்தவளுக்கும் டின்னைத் திறந்தவளுக்கும் கூலிப் புத்தகம் ஒரே மாதிரி எழுதப்பட்டிருந்தது. அவளுக்கு ஒன்றென்றால் அவனுக்கு ஒன்றரை. இவளுக்கு நாற்பதென்றால் இவனுக்கு ஐம்பது. ஒருத்தி தன் ராத்திரியைக் கொடுத்துத்தான் இன்னொருத்தியின் விடியற்காலையில் அரைமணி மிச்சமானது.

இன்று பாரம்பரிய உணவுத் திருவிழாக்கள் ஊருக்கு ஊர் நடக்கின்றன. மண்சட்டி, அம்மி, உரல் என்று மேடையிலேயே வைத்து அழைக்கிறார்கள். நானும் போய்ப் பேசியிருக்கிறேன். பாரம்பரிய அரிசிகளைக் காப்பாற்ற வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அந்த உரலில் உலக்கை போட்ட தோள் யாருடையது என்று கேட்காமல் ‘அந்தக் காலச் சுவை’ என்று பேசினால், பெண்களை மறுபடி அந்த உரலடிக்கே கூப்பிடுகிறோம். மிக்ஸியும் ரைஸ் மில்லும் டின்னும் வந்தபோது உழைக்கும் பெண்கள் மூச்சு விட்டார்கள். அதைத் தரக்குறைவு என்று சொல்லும் நாக்கு, பெரும்பாலும் சமைக்காத நாக்கு.

போன மாதம் அத்தையைப் பார்க்கப் போயிருந்தேன். எழுபதைத் தாண்டிவிட்டார்; கண் மங்கல். நான் வாங்கிப்போன டின்னில் இழுத்துத் திறக்கும் வளையம் இருந்தது. “இதுக்கு ஆணி வேணாம் அத்த” என்றேன். தடவிப் பார்த்தார். பிறகு அந்த ஆணிக்கான காரணத்தைச் சொன்னேன். அவசரகாலம், கடைக்காரர், காடு, சோதனை எல்லாம். அமைதியாகக் கேட்டுக்கொண்டிருந்தார்.

“அப்ப அம்மாவுக்குப் புத்தி நல்லாத்தான் இருந்துருக்கு” என்றார்.

“நல்லாத்தான் இருந்துருக்கு அத்த.”

“பெரியப்பாகிட்ட சொல்லு” என்றார்.

சொல்கிறேன் அத்தை. முதலில் எழுதிவிட்டேன்.